கடுகு சிறுத்தாலும் காரம் குறையாத கார்கள்

"கடுகு சிறுத்தாலும் காரம் குறையாது" என்பது நம் முன்னோர் வாக்கு. சமையலறைக்குச் சொன்ன அந்த வாக்கு சாலைக்கும் பொருந்தும் என்பதை நம் கோவை மாநகரில் நாள்தோறும் காண்கிறோம். ஒப்பணக்காரத் தெருவின் நெரிசலில் பெரிய வண்டிகள் திரும்ப வழியின்றித் திணறும்போது, சின்னஞ்சிறு கார் ஒன்று ஒரே வீச்சில் திரும்பிப் போய்விடுகிறது. வால்பாறை மலையேறும்போது நாற்பது கொண்டை ஊசி வளைவுகளிலும் அது சலிக்காமல் வளைந்து செல்கிறது. உருவில் சிறியது, செயலில் சுறுசுறுப்பானது. இத்தகைய கார்கள் எவ்வாறு தோன்றின, அவற்றுக்கும் நம் கொங்கு நாட்டுக்கும் உள்ள உறவு யாது, மக்கள் அவற்றை ஏன் விரும்புகின்றனர் என்பவற்றை இக்கட்டுரையில் காண்போம்.

பெண்கள் பள்ளி ஆண்டு மலரில் காரைப் பற்றிய கட்டுரையா என்று சிலர் வியக்கலாம். மோட்டாரும் பம்பும் நூற்பாலை இயந்திரமும் செய்து நாடெங்கும் அனுப்பும் ஊரில் பிறந்த நாங்கள், இயந்திரத்தைப் பற்றி அறிய ஆசைப்படுவதில் வியப்பென்ன இருக்கிறது?

ஹேட்ச்பேக் என்றால் என்ன?

அம்பாசிடர் காரை நினைத்துப் பாருங்கள். முன்னால் என்ஜினுக்கு ஓர் அறை, நடுவில் மனிதருக்கு ஓர் அறை, பின்னால் சாமான்களுக்கு ஓர் அறை என மூன்று அறைகள் தனித்தனியே இருக்கும். ஹேட்ச்பேக் காரில் பின்னால் நீளும் அந்த மூன்றாவது அறை இல்லை. மனிதர் அமரும் அறையின் பின்பக்கமே மேல்நோக்கித் திறக்கும் கதவாக அமைந்திருக்கும். பின் இருக்கையை மடக்கிவிட்டால், உட்காரும் இடமே சாமான் வைக்கும் இடமாகிவிடும். காலையில் குழந்தைகளைப் பள்ளியில் விட்ட அதே கார், மாலையில் பொள்ளாச்சித் தோட்டத்திலிருந்து தேங்காய் மூட்டையையும் வாழைத்தாரையும் ஏற்றி வருவது இதனால்தான்.

இந்தக் காரின் உருவத்தைப் பெரிதாக்காமல், என்ஜினின் ஆற்றலை மட்டும் கூட்டி, சுருள்வில்களைச் சற்று இறுக்கி, அகன்ற டயர்களையும் நல்ல பிரேக்குகளையும் பொருத்தினால் அது விளையாட்டு வீரரைப் போல் ஆகிவிடுகிறது. ஆங்கிலேயர் இவ்வகைக் காரை 'ஹாட் ஹேட்ச்' என்று செல்லமாக அழைக்கின்றனர். 'சூடான ஹேட்ச்' என்று நாம் சொல்லலாம். வீட்டுக்கும் உதவும், ஓட்டுவதற்கும் இன்பம் தரும். இந்த இரண்டும் ஒன்றாய் அமைவதே இதன் சிறப்பு.

பஞ்சத்தில் பிறந்த பிள்ளை

சிறிய காரின் கதை ஒரு தட்டுப்பாட்டில் தொடங்குகிறது. 1956ஆம் ஆண்டு சூயஸ் கால்வாய் நெருக்கடியால் இங்கிலாந்தில் பெட்ரோல் கிடைப்பது அரிதாயிற்று. குறைந்த பெட்ரோலில் ஓடும் சிறிய கார் வேண்டும் என்ற தேவை எழுந்தது. அலெக் இசிகோனிஸ் என்னும் பொறியாளர் அதற்கு விடை கண்டார். 1959ஆம் ஆண்டு 'மினி' என்ற கார் வெளிவந்தது. அதன் நீளம் ஏறத்தாழப் பத்து அடிதான்! ஆயினும் நான்கு பேர் அமரலாம்.

இது எப்படி முடிந்தது? அதுவரை பெரும்பாலான கார்களில் நீளவாக்கில் வைக்கப்பட்ட என்ஜினை அவர் குறுக்கே திருப்பி வைத்தார். பின் சக்கரங்களுக்குப் பதிலாக முன் சக்கரங்களையே என்ஜின் சுழற்றுமாறு செய்தார். சிறிய அறையில் கட்டிலைக் குறுக்கே போட்டால் நடக்க இடம் கிடைப்பதைப் போல, காரின் நீளத்தில் பெரும்பகுதி மனிதருக்கே கிடைத்தது. இன்று நம் தெருவில் ஓடும் சிறிய கார்களில் பெரும்பாலானவை இம்முறையையே பின்பற்றுகின்றன.

பந்தயக் கார்கள் செய்துவந்த ஜான் கூப்பர் என்பவர் மினியின் சுறுசுறுப்பைக் கண்டு அதற்கு ஆற்றல் மிக்க என்ஜினைப் பொருத்தினார். 1961இல் 'மினி கூப்பர்' பிறந்தது. பனியும் மலையும் நிறைந்த மாண்டி கார்லோ ராலிப் போட்டியில் 1964, 1965, 1967 ஆகிய ஆண்டுகளில் அந்தச் சின்னஞ்சிறு கார் பெரிய கார்களை வென்று முதலிடம் பெற்றது.

மினிக்குப் பின்னால் இருந்தது சிறிய சாமான் பெட்டியே. மேல்நோக்கித் திறக்கும் பின்கதவு பிரான்சு நாட்டின் ரெனோ 4 முதலிய கார்களால் 1960களில் பரவியது. இந்த இரு வழிகளும் ஒன்றுசேர்ந்தது ஜெர்மனியில். 1974இல் வந்த வோக்ஸ்வேகன் 'கோல்ஃப்' காருக்கு 110 குதிரைத்திறன் கொண்ட என்ஜினைப் பொருத்தி 1975இல் பிராங்க்ஃபர்ட் கண்காட்சியில் வைத்தனர். அதுவே 'கோல்ஃப் ஜி.டி.ஐ.'. 5,000 கார்கள் செய்தால் போதும் என்றுதான் முதலில் திட்டமிட்டார்கள். ஆனால் அந்த முதல் தலைமுறைக் கார் மட்டுமே நான்கரை லட்சத்துக்கு மேல் விற்றது. மக்கள் மனத்தில் இருந்த ஆசை, அதைச் செய்தவர்களுக்கே தெரியாமல் போயிற்று போலும்!

நம் நாட்டுக்கு வந்த விதம்

நம் நாட்டில் நெடுங்காலம் கார் என்றால் அம்பாசிடர், பிரீமியர் பத்மினி, ஸ்டாண்டர்டு என்று விரல் விட்டு எண்ணிவிடலாம். பணம் கட்டிவிட்டு ஆண்டுக்கணக்கில் காத்திருந்த கதைகளை எங்கள் தாத்தாமார் சொல்லக் கேட்டிருக்கிறோம். 1983ஆம் ஆண்டு டிசம்பர் 14ஆம் நாள் முதல் மாருதி 800 காரின் சாவியைப் பிரதமர் இந்திரா காந்தி அம்மையார் வழங்கினார். ஜப்பானின் சுசுகி நிறுவனத்தோடு சேர்ந்து செய்த அந்தக் காரில் 796 சி.சி. கொள்ளளவும் மூன்று சிலிண்டர்களும் கொண்ட சிறிய என்ஜின் இருந்தது. 2014ஆம் ஆண்டு ஜனவரியில் உற்பத்தி நிற்கும்வரை முப்பது ஆண்டுகள் அது நடுத்தரக் குடும்பங்களின் காராக விளங்கிற்று.

1993இல் மாருதி ஜென், 1998இல் சென்னையை அடுத்த இருங்காட்டுக்கோட்டையில் செய்யப்பட்ட ஹூண்டாய் சான்ட்ரோ, 2005இல் மாருதி ஸ்விப்ட் என அடுத்தடுத்து வந்தன. 2006ஆம் ஆண்டு மத்திய அரசு ஒரு விதி செய்தது. நான்கு மீட்டருக்குள் நீளமும், 1200 சி.சி.க்குள் பெட்ரோல் என்ஜினும் உள்ள கார்களுக்கு உற்பத்தி வரியைக் குறைத்தது. அதனால் நம் நாட்டில் சிறிய கார்களைச் செய்வதும் வாங்குவதும் இன்னும் பெருகின.

கொங்கு நாட்டின் பங்கு

இனி நம் ஊருக்கு வருவோம். கலங்கல் கிராமத்தில் 1893இல் பிறந்த ஜி.டி. நாயுடு அவர்கள் 1920இல் பொள்ளாச்சிக்கும் பழனிக்கும் இடையே ஒரே ஒரு பேருந்தை ஓட்டித் தொழில் தொடங்கினார். 1952இல் இரண்டு பேர் அமரும் சிறிய கார் ஒன்றை இரண்டாயிரம் ரூபாய் விலையில் செய்ய முனைந்தார் என்றும், அரசின் உரிமம் கிடைக்காததால் அது நின்றுபோயிற்று என்றும் அவர் வரலாற்றை எழுதியோர் குறிப்பிடுகின்றனர். மினி பிறப்பதற்கு ஏழு ஆண்டுகளுக்கு முன்பே நம் ஊரில் சிறிய காரைப் பற்றிச் சிந்தித்திருக்கிறார்கள்! அவர் பெயரால் அமைந்த அறக்கட்டளை அவினாசி சாலையில் நடத்தும் கார் அருங்காட்சியகத்தை நம் பள்ளித் தோழியர் ஒருமுறையேனும் காண வேண்டும்.

அடுத்து, எஸ். கரிவரதன் அவர்கள். நூற்பாலைக் குடும்பத்தில் பிறந்தும் பந்தயக் கார்களிலேயே அவர் மனம் நின்றது. வெளிநாட்டுப் பந்தயக் காரை வாங்க நம் இளைஞர்களுக்கு வசதி ஏது? எனவே அவர் மாருதி 800 காரின் என்ஜினையே எடுத்து, ஒருவர் மட்டும் அமரும் பந்தயக் காரை 1980களின் இறுதியில் உருவாக்கினார். அதற்கு 'ஃபார்முலா மாருதி' என்று பெயர். கடைவீதிக்குப் போய்வரும் காரின் இதயம் பந்தயக் காருக்குள் துடித்தது! 1995இல் வானூர்தி விபத்தில் அவர் மறைந்தார். செட்டிபாளையத்தில் உள்ள 'கரி மோட்டார் ஸ்பீட்வே' பந்தயப் பாதை அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.

ஃபார்முலா மாருதியில் ஓட்டத் தொடங்கிய இளைஞருள் ஒருவர் கோவையின் நரேன் கார்த்திகேயன். இவர் தந்தை ஜி.ஆர். கார்த்திகேயனும் ராலிப் போட்டிகளில் வெற்றி பெற்றவரே. நரேன் 2005ஆம் ஆண்டு ஜோர்டன் அணியில் சேர்ந்து, ஃபார்முலா 1 பந்தயத்தில் ஓட்டிய முதல் இந்தியர் ஆனார். அவ்வாண்டு அமெரிக்கப் பந்தயத்தில் ஆறு கார்களே ஓடின. அதில் நான்காவதாக வந்து ஐந்து புள்ளிகள் பெற்றார். சிறிய காரின் என்ஜினில் தொடங்கிய பாதை உலக மேடை வரை சென்றதைப் பாருங்கள்.

கோவையில் காரமேறிய கார்

மேலே சொன்ன விளையாட்டுக் காரைக் கோவை செய்ததுண்டா? உண்டு. நம் நகரின் ஜெயம் ஆட்டோமோட்டிவ்ஸ் நிறுவனம் முன்னாள் பந்தய ஓட்டுநர் ஜே. ஆனந்த் அவர்களுடையது. 2017இல் அது டாடா மோட்டார்ஸ் நிறுவனத்தோடு சரிபாதிப் பங்கில் ஒரு கூட்டு நிறுவனம் அமைத்தது. அதன் பயனாக 2018ஆம் ஆண்டு அக்டோபரில் 'டியாகோ ஜே.டி.பி.' என்னும் ஹேட்ச்பேக் வெளிவந்தது.

சாதாரண டியாகோவின் என்ஜின் 85 குதிரைத்திறன் தரும். ஜே.டி.பி.யில் 114 குதிரைத்திறன் தரும் 1.2 லிட்டர் டர்போ என்ஜினை வைத்தார்கள். டர்போ என்பது கொல்லன் பட்டறைத் துருத்தியைப் போன்றது. துருத்தி காற்றை ஊத, நெருப்பு கொழுந்துவிட்டு எரிகிறதல்லவா? அதுபோல என்ஜினிலிருந்து வெளியேறும் புகையின் விசையால் ஒரு சிறு விசிறி சுழன்று, அதிகக் காற்றை என்ஜினுக்குள் திணிக்கிறது. காற்று மிகுந்தால் அதற்கேற்ப அதிக எரிபொருளை எரிக்கலாம், ஆற்றலும் மிகும்.

என்ஜினோடு அவர்கள் நிறுத்தவில்லை. கியர் விகிதங்களை மாற்றினார்கள். ஸ்டியரிங்கைத் திருத்தினார்கள். சுருள்வில்களை மாற்றிக் காரை நான்கு மில்லிமீட்டர் தாழ்த்தினார்கள். நான்கு மில்லிமீட்டர்தானா என்று சிரிக்க வேண்டாம். அதற்குமேல் தாழ்த்தியிருந்தால் நம் ஊர் வேகத்தடைகளில் அடிப்பாகம் தட்டியிருக்கும்! அன்றாட வாழ்வுக்கும் பந்தயத்துக்கும் நடுவே அவர்கள் கண்ட சமரசம் அந்த நான்கு மில்லிமீட்டர். விலை 6.39 லட்சம் ரூபாயில் தொடங்கியது. பாரத் ஆறாம் நிலைப் புகை விதிகள் நடைமுறைக்கு வந்த 2020ஆம் ஆண்டில் அந்தக் கூட்டு முயற்சி முடிவுக்கு வந்தது. குறைந்த காலமே வாழ்ந்தாலும், சாதாரணக் குடும்பத்தின் கைக்கெட்டும் விலையில் விளையாட்டுக் காரைச் செய்யலாம் என்பதை அது மெய்ப்பித்தது. ஒப்பிட்டுப் பாருங்கள்: 2025இல் நம் நாட்டில் விற்பனைக்கு வந்த இறக்குமதிக் கோல்ஃப் ஜி.டி.ஐ.யின் விலை ஏறத்தாழ 53 லட்சம் ரூபாய்!

ஒரு சிறு கணக்கு

பத்தாம் வகுப்பு அறிவியலில் நியூட்டனின் இரண்டாம் விதியைப் படிக்கிறோம். விசை ஒன்றே ஆயினும், நிறை குறைந்தால் முடுக்கம் கூடும். சிறிய காரின் இரகசியம் முழுவதும் இவ்விதிக்குள் அடங்கிவிடுகிறது. காரின் குதிரைத்திறனை அதன் எடையால் வகுத்து, ஆயிரம் கிலோ எடைக்கு எத்தனை குதிரைத்திறன் என்று பார்ப்போம்.

அம்பாசிடர் ஏறத்தாழ 1,100 கிலோ எடையும் 50 குதிரைத்திறனும் உடையது. ஆயிரம் கிலோவுக்கு 45 வருகிறது. மாருதி 800 ஏறத்தாழ 650 கிலோ, 39 குதிரைத்திறன். ஆயிரம் கிலோவுக்கு 60 வருகிறது. என்ஜின் சிறியதாயினும் மாருதி துள்ளி ஓடியதன் காரணம் விளங்குகிறதா? ஜே.டி.பி. ஏறத்தாழ 1,016 கிலோ, 114 குதிரைத்திறன். ஆயிரம் கிலோவுக்கு 112. பழைய கோல்ஃப் ஜி.டி.ஐ. 810 கிலோ, 110 குதிரைத்திறன். ஆயிரம் கிலோவுக்கு 136. ஐம்பதாண்டுக்கு முந்தைய கார் இக்கணக்கில் முந்துகிறதே என்று எண்ண வேண்டாம். இன்றைய காரில் காற்றுப்பைகளும் மோதலைத் தாங்கும் எஃகுத் தண்டுகளும் உள்ளன. அந்த எடை உயிர் காக்கும் எடை.

அன்றாடம் ஏன் பிடிக்கிறது?

இத்தனை ஆற்றலையும் முழுமையாகப் பயன்படுத்த நம் தெருவில் இடம் ஏது? பின் ஏன் மக்கள் இக்காரை விரும்புகின்றனர்? எங்களுக்குத் தோன்றும் விடை இதுதான்: வேகம் அன்று, சொன்ன சொல் கேட்பதே காரணம். ஸ்டியரிங்கைத் திருப்பியவுடன் திரும்புகிறது, மிதித்தவுடன் நிற்கிறது, மேட்டில் முனகாமல் ஏறுகிறது. மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் ஏறும்போதும், திம்பம் மலையின் 27 வளைவுகளிலும் குறைந்த வேகத்திலேயே ஓட்டுபவருக்கு அந்த இன்பம் கிட்டிவிடுகிறது.

மற்றொரு காரணத்தையும் சொல்ல வேண்டும். மாலையில் பள்ளி வாசலில் நின்று பாருங்கள். சிறிய கார்களின் ஓட்டுநர் இருக்கையில் அம்மாமார் பலர் அமர்ந்திருப்பர். பெரிய அம்பாசிடர் வீட்டில் நின்ற காலத்தில், அதை ஓட்ட டிரைவர் வர வேண்டும், அல்லது அப்பா வர வேண்டும். திருப்ப எளிதான, நிறுத்த எளிதான சிறிய கார் வந்தபின் சாவி பெண்கள் கைக்கும் வந்தது. மருத்துவமனைக்கும் வங்கிக்கும் யார் துணையும் இன்றி அவர்கள் போய்வருகிறார்கள். எங்களைக் கேட்டால், சிறிய கார் செய்த பெரிய செயல் இதுவே என்போம்.

வேகமும் விவேகமும்

சொன்ன சொல் கேட்கும் காருக்குச் சொல்பவர் விவேகம் உடையவராக இருக்க வேண்டும். மீண்டும் ஒரு கணக்கு. மணிக்கு 40 கிலோமீட்டரில் செல்பவர், குறுக்கே ஒரு குழந்தை ஓடுவதைக் கண்டு ஒரு வினாடியில் பிரேக்கை மிதிப்பதாகக் கொள்வோம். அந்த வினாடியில் கார் 11 மீட்டர் ஓடிவிடும். நல்ல உலர்ந்த சாலையில் நிற்க மேலும் 9 மீட்டர் ஆகும். மொத்தம் 20 மீட்டர். வேகம் 80 ஆனால்? வினாடியில் 22 மீட்டர். நிற்க 35 மீட்டர். மொத்தம் 57 மீட்டர். வேகம் இரு மடங்கானால் இயக்க ஆற்றல் நான்கு மடங்காகிறது. எத்தனை நல்ல பிரேக் ஆனாலும் இவ்விதியிலிருந்து தப்ப முடியாது.

2019இல் திருத்தப்பட்ட மோட்டார் வாகனச் சட்டப்படி, பதினெட்டு வயது நிரம்பாதவர் வண்டி ஓட்டிக் குற்றம் நேர்ந்தால், பெற்றோருக்கோ வண்டியின் உரிமையாளருக்கோ மூன்றாண்டு வரை சிறையும் 25,000 ரூபாய் அபராதமும் விதிக்கலாம். ஓட்டிய சிறுவர் இருபத்தைந்து வயது வரை உரிமம் பெற இயலாது. சட்டத்துக்கு மேலும் ஒன்று உண்டு. நம் திருச்சபையின் மறைக்கல்வி நூல், கொலை செய்யாதே என்னும் ஐந்தாம் கட்டளையை விளக்குமிடத்தில், வேகத்தின் மீதுள்ள மோகத்தால் சாலையில் தம் உயிருக்கும் பிறர் உயிருக்கும் இடர் விளைவிப்போர் பெருங்குற்றம் செய்கிறார்கள் என்று கற்பிக்கிறது. புதுக் காரைக் கோவிலுக்குக் கொண்டுபோய்க் குருவானவரிடம் மந்திரித்து, புனித கிறிஸ்டோபர் பதக்கத்தை மாட்டிவிட்டால் மட்டும் போதாது. ஓட்டுகிற கால் அந்த மந்திரிப்புக்கு ஏற்ப நடக்க வேண்டும்.

வேகம் பார்க்க ஆசையா? அதற்கென்றே செட்டிபாளையத்தில் பாதை இருக்கிறது. அங்கே தலைக்கவசம் உண்டு, தடுப்புச் சுவர் உண்டு, ஆம்புலன்ஸ் உண்டு, எதிரே வரும் பாட்டியோ பள்ளிக்குழந்தையோ இல்லை. ஜி.டி. நாயுடு பெயரில் 2025 அக்டோபரில் திறக்கப்பட்ட அவினாசி சாலை மேம்பாலம் பத்து கிலோமீட்டர் நீளம் நேராக ஓடினாலும், அது பந்தயப் பாதை அன்று.

முடிவுரை

பெட்ரோல் பஞ்சத்தில் பிறந்து, மலைப் போட்டியில் வென்று, நம் நாட்டு நடுத்தரக் குடும்பத்தின் முற்றத்தில் வந்து நின்று, நம் ஊர்ப் பட்டறையில் காரமேறியது சிறிய கார். இனி மின்சாரத்தில் ஓடும் சிறிய கார்கள் பெருகும். டியாகோவே 2022இல் மின்காராகவும் வந்துவிட்டது. மின்மோட்டார் புறப்படும் கணத்திலேயே தன் முழு இழுவிசையையும் தரவல்லது. மோட்டார் செய்வதில் தேர்ந்த கோவைக்கு அதில் செய்ய வேண்டிய பணி நிறைய இருக்கிறது. அந்தப் பணியில் பொறியாளராக நம் பள்ளித் தோழியர் சிலரும் இருக்க வேண்டும் என்பது எங்கள் அவா. பதினெட்டு வயதில் உரிமமும் சாவியும் நம் கைக்கு வரும்போது, காரின் சுறுசுறுப்போடு நம் பொறுப்பும் சேர்ந்து ஓடட்டும்!